மூன்று பேர் மட்டும் கொண்ட அணி எதற்காக வருகிறது?

தர்மபுரி மாவட்டத்து அரசு மேல்நிலைப் பள்ளி ஒன்றில் உடற்கல்வி ஆசிரியராகப் பணியாற்றும் நண்பர் அனுப்பிய கேள்விக்கான பதில் இது. மாற்றுத்திறனாளிகளுக்கான ஆசிய பாரா விளையாட்டுப் போட்டியின் தொடக்க விழாக் காணொளியைத் தம் மாணவர்களுக்குப் போட்டுக் காட்டியிருக்கிறார். சீனா, இந்தியா, ஜப்பான் ஆகிய நாடுகளின் பெரும் அணிகளுக்கு நடுவே, கொடி பிடிக்க ஒருவர், பின்னால் வர இரண்டு மூன்று பேர் என்று நடந்துபோன சிறிய நாடுகளைப் பார்த்த ஒரு மாணவன், "பதக்கம் வாங்கப் போவதில்லை என்று தெரிந்தும் இவர்கள் ஏன் சார் இவ்வளவு தூரம் வருகிறார்கள்?" என்று கேட்டானாம். புரூனே, பூட்டான், மாலத்தீவு, தைமூர்-லெஸ்தே போன்ற நாடுகளை மனத்தில் வைத்து இதை விளக்க வேண்டும் என்பது நண்பரின் வேண்டுகோள்.

நேரடியாகவே சொல்லிவிடுகிறேன். அந்த மூன்று பேர் வருவது தங்கள் உடல்நிலை எந்தப் போட்டிப் பிரிவில் சேரும் என்ற சர்வதேச அங்கீகாரத்தைப் பெறுவதற்கும், தரவரிசையில் ஓர் அளவையாவது பதிவு செய்வதற்கும்தான். அவர்கள் வருவதால் அவர்களுக்குக் கிடைக்கும் பயனுக்குச் சற்றும் குறையாத பயன் பெரிய நாடுகளுக்கும் கிடைக்கிறது. ஏனென்றால், பல பிரிவுகளில் போட்டி நடப்பதா வேண்டாமா என்பதே இத்தகைய ஒற்றை ஆட்களின் வருகையைப் பொறுத்திருக்கிறது. பதக்கப் பட்டியலை மட்டும் பார்ப்பவர்களுக்கு இது தெரிய வழியில்லை.

அளவை முதலில் மனத்தில் வாங்கிக்கொள்ள வேண்டும். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி தர்மபுரி மாவட்டத்தில் 15,06,843 பேர். கிருஷ்ணகிரி மாவட்டத்தில் 18,79,809 பேர். பூட்டானில் ஏறக்குறைய எட்டு லட்சம், மாலத்தீவில் ஐந்து லட்சத்துச் சொச்சம், புரூனேயில் நாலரை லட்சம் அளவில் மக்கள் வாழ்கிறார்கள். மூன்று நாடுகளையும் கூட்டினாலும் நம் கிருஷ்ணகிரி மாவட்டத்தின் எண்ணிக்கையை எட்டாது. இத்தகைய நாட்டில் முழங்கைக்குக் கீழே கை இழந்த, இருபது வயதை ஒட்டிய, ஈட்டி எறிய ஆசைப்படும் ஓர் இளைஞன் இருக்கிறான் என்று வைத்துக்கொள்ளுங்கள். அவனோடு போட்டியிட அதே வகைக் குறைபாடு உள்ள இரண்டாவது ஆள் அந்த நாட்டில் கிடைப்பதே அரிது. தேசிய அளவிலான போட்டி என்று ஒன்றை நடத்தினாலும் அவன் தனியாகத்தான் எறிய வேண்டும். தனக்கு இணையான ஒருவரை அவன் முதன்முதலாகச் சந்திப்பது வெளிநாட்டு மைதானத்தில்தான்.

பாரா விளையாட்டில் எல்லாவற்றுக்கும் அடிப்படை வகைப்பாடு. தடகளத்தில் ஓட்டத்துக்கும் தாண்டுதலுக்கும் 'டி' என்ற எழுத்து, எறிதலுக்கு 'எஃப்' என்ற எழுத்து. அதையடுத்து வரும் எண் குறைபாட்டின் தன்மையைச் சொல்லும். 11 முதல் 13 வரை பார்வைக் குறைபாடு, 20 அறிவுத்திறன் குறைபாடு, 31 முதல் 38 வரை மூளைமுடக்குவாதம் போன்றவற்றால் வரும் தசை ஒருங்கிணைப்புக் குறைபாடு, 40, 41 குள்ள உயரம், 45 முதல் 47 வரை கைக் குறைபாடு, எறிதலில் 51 முதல் 57 வரை உட்கார்ந்தபடி எறிபவர்கள், 61 முதல் 64 வரை செயற்கைக் கால் அணிந்து போட்டியிடுபவர்கள். நம் அரசு தரும் மாற்றுத்திறனாளி அடையாள அட்டையில் இருக்கும் விழுக்காட்டுக்கும் இந்த எண்ணுக்கும் தொடர்பில்லை. நம் மாவட்ட, மாநிலப் போட்டிகளில் பிள்ளைகளைக் கொண்டுவரும் பெற்றோர்களில் பலர் "எழுபது சதவீதம் போட்டிருக்காங்க சார்" என்று அட்டையை நீட்டுவதைப் பார்த்திருக்கிறேன். வகைப்பாட்டாளர் அந்த எண்ணைக் கணக்கில் எடுப்பதில்லை. அவர் பார்ப்பது குறிப்பிட்ட விளையாட்டைச் செய்யும்போது அந்தக் குறைபாடு எவ்வளவு தடையாக நிற்கிறது என்பதைத்தான்.

இந்த வகைப்பாட்டை ஒரு நாடு தன்னளவில் செய்து கொடுத்தால் அது அந்த நாட்டு எல்லைக்குள் மட்டுமே செல்லும். சர்வதேசப் போட்டியில் இறங்க வேண்டுமானால் சர்வதேச அங்கீகாரம் பெற்ற வகைப்பாட்டாளர் குழு ஒன்று வீரரை நேரில் பரிசோதிக்க வேண்டும். உடல் பரிசோதனை, விளையாட்டுச் செயல்களைச் செய்து காட்டச் சொல்லுதல், தேவைப்பட்டால் போட்டியின்போதே கவனித்தல் என்று அது நீளும். புதிதாக வருபவரின் பெயருக்கு எதிரே 'என்' என்ற எழுத்து நிற்கும். மறுபரிசோதனை தேவைப்படுபவருக்கு 'ஆர்'. எல்லாம் முடிந்து உறுதியானவருக்கு 'சி'. பெரிய நாடுகள் தங்கள் வீரர்களை ஆண்டு முழுவதும் துபாய்க்கும் ஐரோப்பாவுக்கும் அனுப்பி இந்த வேலையை முன்கூட்டியே முடித்துவிடுகின்றன. ஒரே ஒரு பயணத்துக்குப் பணம் ஒதுக்கக்கூடிய நாட்டுக்கு, பக்கத்து நாடுகள் சேர்ந்து நடத்தும் வட்டாரப் போட்டிதான் வாய்ப்பு. போட்டிக்கு இரண்டு மூன்று நாள் முன்னதாக வந்து, வகைப்பாட்டு அறைக்குள் போய், ஓர் எண்ணையும் ஓர் எழுத்தையும் வாங்கிக்கொண்டு வெளியே வருவது அந்த அணிக்குப் பதக்கத்துக்கு ஈடான காரியம்.

பூட்டானின் எடுத்துக்காட்டு இங்கே பொருத்தமானது. அந்நாட்டின் பாராலிம்பிக் குழு 2017இல்தான் உருவானது. 2021இல் நடந்த டோக்கியோ பாராலிம்பிக்கில் பூட்டான் முதன்முறையாக மூன்று பேருடன் கலந்துகொண்டது. அவர்களில் இருவர், சிமி தேமா என்ற பெண்ணும் கெல்ட்ஷென் என்ற ஆணும், எஃப்40 பிரிவில் குண்டு எறிந்தவர்கள். குள்ள உயரமுள்ளவர்களுக்கான பிரிவு அது. கையில் காசு குறைந்த, அனுபவம் குறைந்த ஒரு குழு ஏன் இந்தப் பிரிவில் இறங்கும் என்று யோசித்தால் காரணம் தெளிவாகவே தெரியும். மற்ற பிரிவுகளில் தசை வலுவையும் மூட்டின் அசைவையும் மதிப்பிட்டு முடிவு சொல்கிறார்கள். அதில் கருத்து வேறுபாட்டுக்கு இடமுண்டு. 40, 41 பிரிவுகளில், குள்ள உயரத்துக்கான மருத்துவக் காரணத்தைக் காட்டும் ஆவணம் சரியாக இருந்துவிட்டால், மீதி எல்லாம் அளவுகோலின் வேலை. வெறுங்காலுடன் சுவரோடு நிற்க வைத்து உயரத்தை அளக்கிறார்கள். தோள்பட்டை எலும்பின் முனையிலிருந்து நீளமான விரலின் நுனி வரை கையை அளக்கிறார்கள். பிறகு இரண்டையும் கூட்டுகிறார்கள். ஆண்களில் எஃப்40 பிரிவுக்கு உயரம் 130 சென்டிமீட்டருக்குள், கை 59 சென்டிமீட்டருக்குள், இரண்டின் கூட்டுத்தொகை 180க்குள் இருக்க வேண்டும். எஃப்41க்கு உயர வரம்பு 145. பெண்களுக்கு எஃப்40இல் 125, எஃப்41இல் 137. இந்த அளவை ஊரிலேயே ஒரு டேப்பை வைத்து எடுத்துப் பார்த்துவிடலாம். விமானம் ஏறிப் போன பிறகு "நீங்கள் இந்தப் பிரிவில் சேரமாட்டீர்கள்" என்று திருப்பி அனுப்பப்படும் ஆபத்து மிகக் குறைவு. கருவி என்று பார்த்தால் ஓர் இரும்புக் குண்டும் 2.135 மீட்டர் விட்டமுள்ள வட்டமும் போதும். செயற்கைக் காலோ பந்தயச் சக்கர நாற்காலியோ தேவையில்லை.

இதையே உட்கார்ந்து எறியும் பிரிவோடு ஒப்பிட்டால் செலவின் வேறுபாடு புரியும். எஃப்51 முதல் 57 வரை உள்ளவர்கள் எறிவதற்கென்று செய்த இரும்புச் சட்டத்தில் உட்கார்ந்துதான் எறிய வேண்டும். இருக்கையின் உயரம், மேலே போடும் மெத்தையையும் சேர்த்து, 75 சென்டிமீட்டரைத் தாண்டக் கூடாது. எறியாத கையால் பிடித்துக்கொள்ள ஒரு நிமிர்ந்த கம்பி வைத்துக்கொள்ளலாம். சட்டத்தைத் தரையில் பதித்த வளையங்களோடு பட்டைகள் போட்டு இறுக்கிக் கட்டுவார்கள். கட்டு தளர்ந்தால் எறியும் வேகம் முழுவதும் சட்டத்தின் ஆட்டத்திலேயே போய்விடும். ஒவ்வொருவரின் இடுப்புக்கும் தொடைக்கும் ஏற்ப இதைச் செய்ய வேண்டும் என்பதால் ஒருவருடையது மற்றவருக்கு உதவாது. ஓசூரிலும் கிருஷ்ணகிரியிலும் இருக்கும் வெல்டிங் பட்டறைகளில் குழாய் வாங்கிக் கொடுத்தால் ஒரே நாளில் அடித்துக் கொடுத்துவிடுவார்கள். தொழிற்பேட்டைக்குப் பக்கத்தில் இருக்கும் நமக்கு அது ஒரு வசதி. ஆனால், அதை விமானத்தில் ஏற்றி இறக்க வேண்டிய ஒற்றை வீரரின் அணிக்கு அது பெரிய சுமை. புரூனே 2012இல் லண்டனில் தன் முதல் பாராலிம்பிக்குக்கு அனுப்பிய ஒரே வீரரான ஷாரி ஹாஜி ஜுமாத் இத்தகைய உட்கார்ந்து எறியும் வீரர்தான். குண்டும் ஈட்டியும் எறிந்தார்.

பார்வையற்ற ஓட்டக்காரரை அனுப்புவது இன்னொரு கணக்கு. டி11 பிரிவில் ஓடுபவருக்கு வழிகாட்டி கட்டாயம். அந்த வழிகாட்டி ஓட்டக்காரரைவிட வேகமாக ஓடக்கூடியவராக இல்லாவிட்டால், இருவரையும் இணைக்கும் கயிறு பின்னுக்கு இழுக்கும். ஆகவே, ஒரு வீரருக்கு இரண்டு பயணச்சீட்டு, இரண்டு பேருக்கும் ஆண்டு முழுவதும் பயிற்சி. சிறிய நாடுகளின் அணியில் வீரர்கள் இரண்டு பேர், அலுவலர்கள் நான்கு பேர் என்று இருப்பதைப் பார்த்து ஊர் சுற்ற வந்திருக்கிறார்கள் என்று கேலி செய்பவர்கள் உண்டு. சக்கர நாற்காலியிலிருந்து படுக்கைக்கு மாற்றவும், உணவுக் கூடத்துக்கு அழைத்துச் செல்லவும், வகைப்பாட்டு அறையில் வீரர் சார்பாகப் பேசவும், தொழில்நுட்பக் கூட்டத்தில் உட்காரவும் ஆள் வேண்டும். ஒரே நேரத்தில் இரண்டு இடத்தில் இருக்க வேண்டிய வேலைகள் இவை. சில நாடுகளில் உண்மையிலேயே ஊர் சுற்ற வருபவர்களும் இருக்கிறார்கள் என்பதை மறுக்கவில்லை. அதற்கு நாட்டின் அளவு ஒரு காரணமாகாது.

பளு தூக்குதலைச் சிறிய, வறிய நாடுகள் விரும்பித் தேர்ந்தெடுப்பதற்கும் இதே சிக்கனம்தான் காரணம். பாரா பளு தூக்குதலில் குறைபாட்டு வகைவாரியான பிரிவுகள் இல்லை. தகுதி உண்டா இல்லையா என்று மட்டும் பார்த்துவிட்டு, உடல் எடையை வைத்துப் பிரிக்கிறார்கள். படுத்துத் தூக்க ஒரு பெஞ்சும் கம்பியும் தட்டுகளும் போதும். லாவோஸ் நாடு 2008 பெய்ஜிங் பாராலிம்பிக்கில் பெற்ற வெண்கலம், ஈ சிமாய் 48 கிலோ பிரிவில் தூக்கிப் பெற்றது. தைமூர்-லெஸ்தே முழு விடுதலை அடைவதற்கு முன்பே, 2000ஆம் ஆண்டு சிட்னியில், அந்த மண்ணைச் சேர்ந்த இருவர் நாட்டுக் கொடி இல்லாமல் பாராலிம்பிக் கொடியின் கீழ்ப் போட்டியிட்டார்கள்; ஒருவர் தடகளத்தில், மற்றவர் பளு தூக்குதலில்.

இனி, பெரிய நாடுகளுக்கு இதில் என்ன பயன் என்பதற்கு வருகிறேன். பிரிவுகள் பலவாகப் பிரிந்திருப்பதால் ஒவ்வொன்றிலும் ஆள் குறைவு. பதிவு செய்தவர்கள் குறிப்பிட்ட எண்ணிக்கைக்குக் கீழே போனால் அந்தப் போட்டியையே நீக்கிவிடுவார்கள், அல்லது பக்கத்துப் பிரிவோடு சேர்த்துவிடுவார்கள். வட்டாரப் போட்டிகளில் இன்னொரு விதியும் பின்பற்றப்படுவதுண்டு: களத்தில் நிற்பவர்களின் எண்ணிக்கையில் ஒன்றைக் கழித்துக்கொண்டு அத்தனை பதக்கங்கள் மட்டுமே தருவது. நான்கு பேர் இருந்தால் மூன்று பதக்கமும் உண்டு. மூன்று பேர் என்றால் வெண்கலம் கிடையாது. இரண்டு பேர் என்றால் தங்கம் மட்டும். நான்காவதாக ஒரு சிறிய நாட்டுக்காரர் வந்து நின்றால், அவர் கடைசி இடத்தில் முடித்தாலும், மூன்றாவதாக வந்தவரின் கழுத்தில் வெண்கலம் விழும். பந்தியில் ஆள் சேர்ந்தால்தான் இலை போடுவோம் என்று காத்திருப்பது போன்ற ஏற்பாடு இது.

ஓசூர்க்காரர்களுக்கு இதன் அருமை மற்றவர்களைவிட நன்றாகவே புரிய வேண்டும். பாரிஸ் 2024 பாராலிம்பிக்கில் குள்ள உயரமுள்ளவர்களுக்கான எஸ்எச்6 பிரிவில் பேட்மிண்டன் ஒற்றையர் வெண்கலம் வென்ற நித்ய ஸ்ரீ சிவன் ஓசூரைச் சேர்ந்தவர். பேட்மிண்டன் முதன்முதலாகப் பாராலிம்பிக்கில் சேர்ந்தது டோக்கியோவில். அப்போது 14 போட்டிகள். எஸ்எச்6 ஆண்கள் ஒற்றையர் அதில் இருந்தது. கிருஷ்ணா நாகர் தங்கம் வென்றதும் அதில்தான். பெண்கள் ஒற்றையர் இல்லை. பாரிஸில் போட்டிகள் 16 ஆக உயர்ந்தபோது சேர்க்கப்பட்டவற்றில் எஸ்எச்6 பெண்கள் ஒற்றையரும் எஸ்எச்6 கலப்பு இரட்டையரும் உண்டு. எந்தப் போட்டியைச் சேர்ப்பது, எதை விடுவது என்று முடிவெடுக்கும்போது உலகம் முழுவதும் அந்தப் பிரிவில் எத்தனை வீராங்கனைகள் ஆடுகிறார்கள், எத்தனை நாடுகளிலிருந்து வருகிறார்கள் என்பதைக் கணக்கில் எடுக்கிறார்கள். இரண்டு மூன்று பெரிய நாடுகள் மட்டும் ஆடும் பிரிவுக்கு அங்கே இடம் கிடைப்பது கடினம். முதல் சுற்றிலேயே தோற்றுப் போகும் சிறிய நாட்டுப் பெண் ஒருத்தி பதிவேட்டில் சேர்க்கும் அந்த ஒரு நாட்டின் பெயர், ஓசூர்ப் பெண் ஆடுவதற்கான களத்தை அகலப்படுத்துகிறது. ஆசிரியர் தம் மாணவனுக்குச் சொல்ல வேண்டிய பதிலில் இதை முதலில் வைக்கலாம்.

வட்டாரப் போட்டி தவறிப்போனால் சிறிய நாடுகள் எப்படித் தவிக்கும் என்பதற்கு ஆசியான் பாரா விளையாட்டு நல்ல சான்று. 2001இல் கோலாலம்பூரில் தொடங்கிய அந்தப் போட்டியில் தென்கிழக்காசிய நாடுகள் பங்கேற்கின்றன. புரூனேயும் தைமூர்-லெஸ்தேயும் அவற்றில் அடக்கம். 2017 செப்டம்பரில் கோலாலம்பூரில் நடந்த பிறகு, பிலிப்பைன்ஸில் நடக்க வேண்டியது தள்ளிப்போய், கொரோனா வந்ததும் கைவிடப்பட்டது. அடுத்தது 2022 ஜூலை இறுதியில் இந்தோனேசியாவின் சுரகார்த்தாவில்தான் நடந்தது. ஏறத்தாழ ஐந்து ஆண்டு இடைவெளி. தாய்லாந்துக்கும் இந்தோனேசியாவுக்கும் வேறு வாசல்கள் இருந்தன. பதினெட்டு வயதில் குண்டு எறியத் தொடங்கிய ஒரு புரூனே இளைஞனுக்கு இருபத்து மூன்று வயது வரை வட்டாரக் களம் இல்லை என்றால், அவன் வேறு வேலை தேடிப் போயிருப்பான். தெற்காசியாவுக்கு அப்படி வழக்கமாக நடந்துவரும் பாரா போட்டியே கிடையாது என்பதால், பூட்டானும் மாலத்தீவும் இடைப்படி இல்லாமல் ஆசிய அளவிலேயே ஏற வேண்டியிருக்கிறது.

சிறிய நாடு என்றால் எப்போதும் கடைசி இடம்தான் என்று எண்ணிவிடவும் கூடாது. தமிழ்நாட்டு மக்கள்தொகையில் மூன்றில் ஒரு பங்கைக் கூடக் கொண்டிராத இலங்கை, டோக்கியோவில் ஈட்டி எறிதல் எஃப்46 பிரிவில் நம்முடைய தேவேந்திர ஜஜாரியாவையும் சுந்தர் சிங் குர்ஜரையும் இரண்டாம், மூன்றாம் இடத்துக்குத் தள்ளித் தங்கம் வென்றது. தினேஷ் பிரியந்த ஹேரத் எறிந்த 67.79 மீட்டர் அப்போது உலக சாதனை. அவர் போரில் காயமடைந்த இராணுவ வீரர். காயமடைந்த வீரர்களுக்குச் சம்பளத்தையும் தங்குமிடத்தையும் பயிற்சிக் களத்தையும் ஒரே நிறுவனம் கொடுத்ததால் அங்கே பாரா தடகளத்துக்கு ஓர் அடித்தளம் அமைந்தது. போர் கொடுத்த அடித்தளம் என்பதால் மகிழ்ச்சியோடு எழுத மனம் வரவில்லை என்றாலும், மாதச் சம்பளம் வரும் வீரனுக்கும் வேலை தேடி அலையும் வீரனுக்கும் எறியும் தூரத்தில் எவ்வளவு வேறுபாடு வரும் என்பதை அது காட்டுகிறது. மக்கள்தொகை பெருகினால் பதக்கம் தானாக வரும் என்பதை நான் ஏற்பதில்லை.

நம் நாடும் இந்த வரிசையில் பின்னால் நின்றதுதான். 2010இல் குவாங்சோவில் நடந்த முதல் ஆசிய பாரா விளையாட்டில் இந்தியா பெற்றது ஒரு தங்கம் உட்பட 14 பதக்கம். 2014இல் இஞ்சியோனில் 33, 2018இல் ஜகார்த்தாவில் 72, 2023இல் நடந்த ஹாங்சோ போட்டியில் 111. அந்த ஹாங்சோவுக்கு 303 பேரை அனுப்பிய இந்தியா, 2016 ரியோ பாராலிம்பிக்குக்கு அனுப்பியது 19 பேரைத்தான். அந்தப் பத்தொன்பதில் ஒருவர், தர்மபுரியிலிருந்து தொப்பூரைத் தாண்டினால் வந்துவிடும் பெரியவடகம்பட்டியைச் சேர்ந்த மாரியப்பன் தங்கவேலு. உயரம் தாண்டுதலில் 1.89 மீட்டர் தாண்டித் தங்கம் வென்றார். அவருக்குக் களம் அமைந்த காலத்தில் இந்திய பாரா தடகளம் பெரிய அமைப்பாக இருக்கவில்லை என்பதை இன்றைய மாணவர்கள் அறிந்திருக்க மாட்டார்கள்.

இவ்வளவும் சொன்ன பிறகு ஒரு குறையையும் சொல்லாமல் இருக்க முடியாது. அழைப்பின் பேரில் கிடைக்கும் இடங்களைப் பயன்படுத்தி ஒருமுறை வந்து, படம் எடுத்துக்கொண்டு, பிறகு அந்த வீரரை மறந்துவிடும் நாட்டுக் குழுக்கள் இருக்கின்றன. ஒரு சிறிய நாட்டின் பங்கேற்பு உண்மையானதா என்று அறிய நான் பார்ப்பது ஒன்றைத்தான்: அதே பெயர் அடுத்த போட்டியிலும் இருக்கிறதா, இருந்தால் தூரமோ நேரமோ முன்னேறியிருக்கிறதா. கடைசி இடத்தில் முடித்தவர் தம் சொந்த அளவை ஒரு மீட்டர் கூட்டியிருந்தால், அந்த நாட்டில் யாரோ ஒருவர் அவரை வாரம் தவறாமல் மைதானத்துக்கு அழைத்துப் போயிருக்கிறார் என்று அர்த்தம்.

ஆகவே, நண்பர் அடுத்த முறை தொடக்க விழாவோடு நிறுத்திவிடாமல், ஏதாவது ஓர் எறிதல் போட்டியின் முடிவுத் தாளை வகுப்பில் காட்டலாம். ஐந்தாவது ஆசிய பாரா விளையாட்டு 2026 அக்டோபரில் ஜப்பானின் ஐச்சி-நகோயாவுக்கு உரியது. முடிவுத் தாள்களை அந்தந்த நாளே இணையத்தில் பார்த்துக்கொள்ளலாம். எஃப்40 அல்லது எஃப்41 குண்டு எறிதலை எடுத்துக்கொண்டு, எத்தனை பேர் இறங்கினார்கள், எத்தனை நாடுகள், நான்காவதாக நின்றவர் எந்த நாடு என்று மாணவர்களையே எண்ணச் சொல்லலாம். வகைப்பாட்டுப் பட்டியலும் வெளிப்படையாகக் கிடைப்பதுதான். பெயருக்கு எதிரே 'என்' என்றோ 'ஆர்' என்றோ இருப்பவர்களைக் குறித்து வைத்துக்கொண்டு, அடுத்த ஆண்டு அவை 'சி' ஆகியிருக்கின்றனவா என்று பார்க்கச் சொல்லலாம். அந்தப் பள்ளியிலேயே 145 சென்டிமீட்டருக்கு உட்பட்ட உயரத்தோடு வளர்ச்சி நின்றுவிட்ட மாணவர் யாரேனும் இருந்து, அதற்கான மருத்துவச் சான்றும் இருந்து, அவருக்கு விருப்பமும் இருந்தால், உயரத்தையும் கை நீளத்தையும் அளந்து எழுதிவைத்துவிட்டு, மாவட்ட விளையாட்டு அலுவலகத்தில் முதலமைச்சர் கோப்பைக்கான மாற்றுத்திறனாளிகள் பிரிவு எப்போது நடக்கிறது என்று விசாரித்துக்கொள்ளட்டும்.